ஆலடிக்கரையில் திருட்டே இல்லை

குற்றாலலிங்கம் பிள்ளையின் தாத்தாவுக்கு அம்பாசமுத்திரத்தில் வயல் இருந்தது. அப்பாவுக்கு அந்த வயலின் மேல் வழக்கு இருந்தது. வழக்கு முடிந்தபோது பிள்ளைக்கு மிச்சம் வந்தது நல்ல கையெழுத்து. அதை வைத்துக்கொண்டு அவர் திருநெல்வேலிப் பக்கத்தில் ஒரு போலீஸ் சரகக் கச்சேரியில் குமாஸ்தா ஆனார். எந்தச் சரகம் என்று யாரும் கிளற வேண்டாம். சம்பந்தப்பட்டவர்களின் பேரன்மார் இன்னும் ஊரில் இருக்கிறார்கள்.

போலீஸில் உத்தியோகம் என்று சொல்லிக்கொள்வதில் பிள்ளைக்கு ஆசை. தெருநாய் குரைத்தால் அடுத்த தெரு வழியாகச் சுற்றிப் போகிறவர்தான். ஆயுசில் ஒரு திருடனை நேரில் பார்த்தது கிடையாது. ஆனாலும் சரகத்தில் எத்தனை திருட்டு நடந்தது என்பது, திருடர்களுக்கு அடுத்தபடியாக அவர் கையில்தான் இருந்தது. மாசக் கடைசியில் ஒவ்வொரு ஸ்டேஷனிலிருந்தும் ஒரு தாள் வரும். கொலை இத்தனை, கன்னக்களவு இத்தனை, மாட்டுத் திருட்டு இத்தனை என்று அதில் இருக்கும். பிள்ளை எல்லாவற்றையும் கூட்டிப் பெரிய தாளில் ஏற்றுவார். வருஷக் கடைசியில் சரக அதிகாரியான வெள்ளைக்காரத் துரைக்கு அறிக்கை எழுதிக் கொடுப்பதும் அவர்தான். துரை அதில் இரண்டு வார்த்தையை மாற்றிக் கையெழுத்துப் போடுவார்.

கூட்டுவதோடு நின்றிருந்தால் பிள்ளை கெட்டிக்காரர். அவர் ஒரு உபாயம் கண்டுபிடித்தார். போன வருஷம் இதே மாசம் இருந்ததைவிட ஒரு திருட்டு கூடியிருந்தால் போதும், 'ஏன் கூடிற்று? காரணம் எழுதவும்' என்று சிவப்பு மையில் அந்த ஸ்டேஷனுக்கு மெமோ போய்விடும். பதில் திருப்தியாக இல்லாவிட்டால் இரண்டாவது மெமோ. ஒரே வருஷத்தில் சரகத்தில் திருட்டு பாதியாகக் குறைந்தது. மாட்டுத் திருட்டு சில ஸ்டேஷன்களில் அடியோடு நின்றுபோனது. அவர் குடியிருந்த ஆலடிக்கரை, பேட்டையைத் தாண்டி ஆற்றோரமாக இருந்த ஊர், அதற்கு வருஷம் முழுக்கப் பூஜ்யம். கோயில் பிரகாரத்தில் யாராவது அகப்பட்டால், பத்து கான்ஸ்டபிள் செய்ய முடியாததைத் தன் பேனா செய்கிறது என்று பிள்ளை சொல்லுவார். கேட்டவர்கள் மரியாதைக்காகத் தலையாட்டினார்கள். அவர் அதை ஆமோதிப்பு என்று எடுத்துக்கொண்டார்.

ஐரோப்பாவில் பெரிய சண்டை மூள்வதற்கு முந்தின மார்கழிக் கடைசி. பொங்கலுக்கு இரண்டு நாள் இருக்கும்போது ஆறுமுகத்தாய் என்று ஒருத்தி கச்சேரிக்கு வந்து நின்றாள். ஆலடிக்கரையின் மேலக்கோடியில் ஒரு பண்ணையாரின் வயலை, விளைச்சலில் பங்கு என்று வாரத்துக்குப் பயிரிடுகிறவள். புருஷன் இல்லை. வயலோடு சேர்த்துப் பண்ணையார் உழவுக்குக் கொடுத்திருந்த மயிலைக் காளை, அவள் கொட்டிலிலிருந்து களவு போய்விட்டது. ஸ்டேஷனில் போய்ச் சொன்னதற்கு, மாடு வழி தவறிப் போயிருக்கும், தேடிப்பார் என்று அனுப்பிவிட்டார்கள். பண்ணையாரோ, அவள்தான் மாட்டை விற்றுத் தின்றுவிட்டாள் என்கிறார். பொங்கல் கழிந்ததும் அவள் மேல் ஸ்டேஷனில் எழுதிக்கொடுத்து உள்ளே தள்ளப்போவதாக ஊரெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறார். களவு போனது நிஜம் என்று ஸ்டேஷனில் ஒரு வரி எழுதிக்கொண்டால் அவள் பிழைப்பாள். அவள் கேட்டது அந்த ஒரு வரியைத்தான்.

பிள்ளை அப்போது வருஷ அறிக்கையை முடித்து, 'மாட்டுத் திருட்டு ஏறக்குறைய ஒழிந்தது' என்ற வாக்கியத்தைத் திரும்பத் திரும்பப் படித்து ரசித்துக்கொண்டிருந்தார். அவர் ஆறுமுகத்தாயை விரட்டவில்லை. அப்படிப்பட்ட மனிதர் இல்லை. பெரிய தாளை விரித்து, ஆலடிக்கரைக்கு நேரே விரலை வைத்து, அவள் ஊரில் மாட்டுத் திருட்டு கிடையாது, பூஜ்யம் போட்டிருக்கிறது பார் என்று பொறுமையாக விளக்கினார். அவளுக்குப் படிக்கத் தெரியாது. ஆனாலும் குனிந்து அந்த வட்டத்தை நன்றாகப் பார்த்தாள்.

"அப்போ என் மாடு எங்கன போச்சுன்னும் அதுலயே போட்டிருக்கான்னு பாத்துச் சொல்லுங்க ஐயா" என்றாள்.

போடவில்லை. அவள் போய்விட்டாள். எதிர்த்த மேஜைக்காரர் சிரித்தார். பிள்ளைக்குக் கோபம் வந்தது, அவள் மேல்.

மாட்டுப் பொங்கலன்று பிள்ளையின் வீட்டுச் செவலைப் பசுவுக்குக் கொம்பில் ஒரு பக்கம் சிவப்பும் ஒரு பக்கம் பச்சையும் அடித்தார்கள். கழுத்தில் மாலை போட்டு, பொங்கல் ஊட்டி, விழுந்து கும்பிட்டார்கள். அந்த வருஷம் செவலைக்குக் கூடுதல் மரியாதை, காரணம் இருந்தது. மகள் ஞானம்பாள் தலைப்பிரசவத்துக்கு வந்து குழந்தை பெற்றிருந்தாள். அவளுக்குப் பால் சுரக்கவில்லை. செவலையின் பாலில்தான் பேரன் உயிர் ஓடிக்கொண்டிருந்தது. மறுநாள் விடிந்து பார்த்தால் கொட்டிலில் அறுபட்ட கயிறு கிடந்தது. கத்தியால் அறுத்த கயிறு. மாலை மட்டும் மிதிபட்டுக் கிடந்தது.

உள்ளே குழந்தை அழுதது. பிள்ளை சட்டையை மாட்டிக்கொண்டு ஸ்டேஷனுக்கு ஓடினார்.

ஆலடிக்கரை ஸ்டேஷனில் ரைட்டர் பவுல்ராஜ். மணப்பாட்டுக் கடற்கரைக்காரர், பிள்ளையின் மெமோக்களை ஒன்றுவிடாமல் வாங்கிக் கட்டிக்கொண்டவர். பசு களவு போய்விட்டது, புகார் எழுதும் என்று பிள்ளை சொன்னதும் பவுல்ராஜ் பேனாவை எடுத்து, மையில் தொட்டு, அப்படியே கீழே வைத்துவிட்டார்.

"அண்ணாச்சி, இத எழுதினா பூஜ்யம் ஒண்ணாயிரும். மாசக் கடைசியில உங்க மெமோ வரும். பதில் எழுதி எழுதி எனக்குக் கை வீங்கிப்போச்சி" என்றார்.

சொன்னதோடு நிற்கவில்லை. சுவரில் ஆணியில் குத்தியிருந்த தாள்களை எடுத்துக் காட்டினார். எல்லாம் சிவப்பு மை. பிள்ளையின் சொந்தக் கையெழுத்து. முத்து முத்தாகத்தான் இருந்தது. வேண்டுமானால் மாடு வழி தவறிப்போனது என்று எழுதுகிறேன், அதற்கு மெமோ கிடையாது என்றார் பவுல்ராஜ். கயிற்றைக் கத்தியால் அறுத்திருக்கிறது என்று பிள்ளை கத்தினார். கயிறு அறுந்த மாடு வழி தவறத்தானே செய்யும் என்று பவுல்ராஜ் சாந்தமாகக் கேட்டார். போன வருஷம் வழி தவறிய மாடுகள் எத்தனை என்று பிள்ளைக்கு நினைவு வந்தது. தாளில் அவற்றைப் பார்த்து, இந்தப் பக்கத்து மாடுகளுக்கு என்னவோ கேடு, இப்படி ஊர் சுற்றுகின்றனவே என்று அவர் வியந்தது உண்டு.

பவுல்ராஜ் குரலைத் தணித்துக்கொண்டார். "பொய் சொல்லல அண்ணாச்சி. எழுதிட்டா தரகன் ஐயம்பெருமாள் வாயத் தொறக்கமாட்டான். மாடு அம்பாசமுத்திரம் தாண்டி மலையேறிரும். பேரனுக்குப் பாலு வேணுமா, உங்களுக்கு நம்பர் வேணுமா, நீங்களே சொல்லுங்க."

அந்தப் பக்கத்து வழக்கம் இதுதான். மாடு களவு போனால் துப்புச் சொல்லுகிறவனுக்குக் கொடுப்பது துப்புக்கூலி. கொடுத்தால் மாடு இன்ன இடத்தில் நிற்கிறது என்று துப்பு வரும். போய் ஓட்டிக்கொண்டு வந்துவிடலாம். துப்புச் சொல்லுகிறவனுக்கு அது எப்படித் தெரியும் என்று யாரும் கேட்பதில்லை. கேட்டால் துப்பு நின்றுவிடும். போலீஸுக்குப் போனால் மாடு வருவதும் நின்றுவிடும். ஆற்றின் இரு கரையிலும் பால் குடிக்கிற பிள்ளைக்குக்கூடத் தெரிந்த இந்த விஷயம், சரகத்தின் திருட்டுக் கணக்கு முழுவதையும் வைத்திருந்த குற்றாலலிங்கம் பிள்ளைக்கு நாற்பத்தைந்தாவது வயசில் தெரியவந்தது. அவர் பேனாவுக்குப் பயந்து எந்தத் திருடனும் ஓடவில்லை. புகார் கொடுக்க வந்தவர்கள்தான் ஓடியிருக்கிறார்கள்.

வீட்டுக்கு வந்தால், மனைவி பிரம்மநாயகி ஏற்கெனவே ஐயம்பெருமாளுக்குச் சொல்லி அனுப்பிவிட்டிருந்தாள். புருஷன் ஸ்டேஷனுக்குப் போன சேதி பரவுவதற்குள் ஆளைப் போய்ப் பார்க்கும்படி துரத்தினாள்.

ஐயம்பெருமாள் மாட்டுத் தரகர். ஆற்றங்கரை மருத மரத்தடியில் இருந்தார். பிள்ளையைக் கண்டதும் எழுந்து, மரியாதையாக ஒரு துண்டை எடுத்து இருவர் கையும் மறையும்படி போட்டு, பிள்ளையின் மூன்று விரலைப் பிடித்து அழுத்தினார். மாட்டு வியாபாரத்தில் விலையை வாயால் சொல்லுவதில்லை. துண்டுக்கடியில் விரலால் சொல்லுவார்கள். பிள்ளை இலட்சக்கணக்கில் கூட்டுகிறவர், கழிக்கிறவர், ஆனால் இந்த எண்கணிதம் தெரியாது. பாவம், துக்கம் விசாரிக்கிறான் என்று நினைத்தார். நெஞ்சு நெகிழ்ந்து ஐயம்பெருமாளின் கையை முழுசாகப் பிடித்து அழுத்தினார். கேட்டது மூன்று விரல். பிள்ளை கொடுத்தது ஐந்து.

ஐயம்பெருமாளின் முப்பது வருஷத் தரகில் இப்படிப் பேரம் பேசின ஆள் கிடையாது. "அண்ணாச்சிக்குத் தாராள மனசு" என்றார்.

அதோடு போனதா என்றால், இல்லை. பிரம்மநாயகியின் வளையலை அடகு வைத்துக் கொண்டுவந்து கொடுத்ததும் பிள்ளையின் வாயிலிருந்து, இருபது வருஷப் பழக்கம், தானாக ஒரு கேள்வி வந்தது. ரசீது கிடைக்குமா என்று கேட்டுவிட்டார். ஐயம்பெருமாள் பணத்தை எண்ணி மடியில் கட்டிக்கொண்டார். பிறகு, அந்த வழக்கம் இன்னும் வரவில்லை என்று பணிவாகச் சொன்னார்.

கடைசியில் சத்தியம். கரையோரச் சுடலைமாடன் பீடத்தில் கையை வைத்து, போலீஸில் சொல்லமாட்டேன் என்று மாட்டுக்காரர் சத்தியம் பண்ணவேண்டும்.

"நான்தான்வே போலீஸு" என்றார் பிள்ளை.

"அதனாலதான் நீங்க ரெண்டு தடவ சொல்லணும்" என்றார் ஐயம்பெருமாள்.

பிள்ளை இரண்டு தடவை சொன்னார். என் செவலைப் பசுவைப் பற்றிப் போலீஸில் மூச்சு விடமாட்டேன், மாடன் சத்தியம். சொல்லிவிட்டுத் திரும்பும்போது, ஏதோ உறுத்த, மேலக்கோடி ஆறுமுகத்தாயின் மயிலைக் காளை என்ன ஆயிற்று என்று கேட்டார். ஐயம்பெருமாள் மழை பெய்ததைச் சொல்லுவதுபோலச் சொன்னார். "அந்தம்மாட்டக் கேட்டுப் பாத்தாவ. குடுக்க ஒண்ணுமில்ல. அது அன்னைக்கே மலையேறிட்டு."

மறுநாள் காலை வாழைத் தோட்டத்துக்குள் செவலை நின்றது. கொம்பில் சிவப்பைச் சுரண்டி எடுத்திருந்தார்கள். பச்சையைச் சுரண்டுவதற்குள் கூலி வந்துவிட்டது போலிருக்கிறது. குழந்தை பாலைக் குடித்துவிட்டுத் தூங்கியது. வீட்டில் எல்லோருக்கும் உயிர் வந்தது. பிள்ளைக்கு மட்டும் காப்பி இறங்கவில்லை. வெட்கமாக இருந்தது. வளையல் போன வெட்கம் இல்லை அது. அந்தப் பெண்பிள்ளை குனிந்து பூஜ்யத்தைப் பார்த்தாளே, அது கண்ணை விட்டுப் போகமாட்டேன் என்றது.

கச்சேரிக்குப் புறப்பட்டவரை வழியில் பவுல்ராஜ் பார்த்தார். வெகு சந்தோஷமாக இருந்தார். மத்தியானம் பண்ணையார் வருகிறார், ஆறுமுகத்தாய் மாட்டை விற்று மோசடி செய்ததாக எழுதிக்கொடுக்கப்போகிறார் என்றார்.

"கேஸும் ஆளும் ஒண்ணா வருது அண்ணாச்சி. இந்த மாசம் ஆலடிக்கரையில எழுதினது ஒரு கேஸு, பிடிச்சது ஒரு ஆளு. நூத்துக்கு நூறுன்னு போடுங்க."

பிள்ளை நின்றுவிட்டார். எழுதின கேஸில் எத்தனை பிடிபட்டது என்று ஒரு பத்தியைத் தாளில் புதிதாகச் சேர்த்ததும் அவர்தான். அதில் நூற்றுக்கு நூறு வாங்குகிற ஸ்டேஷனுக்குத் துரையிடமிருந்து பாராட்டு வாங்கிக் கொடுப்பதும் அவர்தான். திருடன் யாரென்று தெரியாத புகாரைத் தள்ளிவிடு, ஆள் கையிலிருக்கிற புகாரை வாரிக்கொள் என்று அவர் வாயால் ஒருநாளும் சொன்னதில்லை. சொல்லவேண்டிய அவசியம் இருக்கவில்லை. தாளே சொல்லிக்கொடுத்துவிட்டது. மாட்டைப் பறிகொடுத்தவள் இன்று மத்தியானத்துக்கு மேல் திருடி ஆவாள், மாசக் கடைசியில் பிள்ளை அதைக் கூட்டி, நன்று என்று எழுதுவார்.

அவர் கச்சேரிக்குப் போகவில்லை. சர்வீஸில் முதல் தடவையாக லீவு சொல்லாமல் நின்றார். மேலக்கோடிக்கு ஓட்டமும் நடையுமாகப் போனார். ஆறுமுகத்தாய் ஒற்றை மாட்டுக்கு வைக்கோல் உதறிக்கொண்டிருந்தாள். அவரைப் பார்த்ததும் பண்ணையார்தான் ஆள் அனுப்பிவிட்டார் என்று முகம் வெளுத்தாள். புகார் எழுத ஸ்டேஷனுக்கு வா, நான் கூட வருகிறேன் என்று அவர் மூச்சிரைக்கச் சொன்னதை அவள் நம்பவில்லை.

"பூஜ்யம்னு சொன்னீயளே ஐயா" என்றாள்.

"ஆமாம்மா. அது நான் போட்டது. அதத்தான் மாத்தணும்" என்றார் பிள்ளை.

அவளுக்கு இழக்க இனிப் பெரிதாக ஒன்றும் இல்லை. கிளம்பிவிட்டாள்.

ஸ்டேஷனில் இருவரையும் ஒன்றாகக் கண்டதும் பவுல்ராஜுக்கு எல்லாம் புரிந்துவிட்டது. அண்ணாச்சி, உங்க மெமோ என்று மட்டும் இழுத்தார். மெமோவை நான்தான் எழுதப்போகிறேன், அதற்குப் பதிலையும் நானே எழுதித் தருகிறேன், நீர் இப்போது பேனாவை எடும் என்றார் பிள்ளை. பவுல்ராஜ் கெட்டவர் இல்லை. எழுதுவதற்குத்தானே வேலைக்கு வந்தார். எழுதாதிருப்பது அவருக்கும் அலுத்திருந்தது. ஆறுமுகத்தாய் சொல்லச் சொல்ல எழுதினார். மயிலைக் காளை, இடது காது கிழிந்தது, வாலில் வெள்ளை மயிர், கயிறு அறுத்துக் களவு. அவள் கைநாட்டு வைத்தாள். அம்பாசமுத்திரம் ஸ்டேஷனுக்கு அங்கேயே ஒரு தகவலும் எழுதினார்.

மத்தியானம் பண்ணையார் இரண்டு சாட்சிகளோடு வந்தார். அந்த மாட்டுக்குக் காலையிலேயே கேஸ் எழுதியாயிற்று, விசாரணை நடக்கிறது என்று பவுல்ராஜ் சொன்னார். பண்ணையார் மோர் கேட்டு வாங்கிக் குடித்துவிட்டுப் போய்விட்டார். பின்னால் மலைப்பக்கத்துச் சந்தையில், காது கிழிந்த ஒரு மயிலையை யாரோ ஒருவன் விற்றதாக வாங்கினவரே சொன்னார். மாடு திரும்பவில்லை. ஆறுமுகத்தாய் அடுத்த பூவும், அதாவது அடுத்த போகமும், அதே வயலில்தான் நட்டாள். அவள் மாட்டை விற்கவில்லை என்பது தனக்கு முதலிலேயே தெரியும் என்று பண்ணையார் சொல்லிக்கொண்டார்.

மாசக் கடைசியில் தாள் வந்தது. ஆலடிக்கரை, மாட்டுத் திருட்டு: போன வருஷம் பூஜ்யம், இந்த வருஷம் ஒன்று. பிள்ளை சிவப்பு மையை எடுத்து, 'ஏன் கூடிற்று? காரணம் எழுதவும்' என்று மெமோ எழுதி அனுப்பினார். அன்று சாயங்காலம் வீட்டுக்குப் போகிற வழியில் ஸ்டேஷனில் நுழைந்து, சொன்ன சொல் தவறாமல், அதற்குப் பதிலையும் எழுதிக் கொடுத்தார். பவுல்ராஜ் கையெழுத்துப் போட்டு அனுப்பிவைத்தார். அது துரையின் மேஜைக்குப் போனது.

'காரணம்: புகார் வாங்கப்பட்டது.'

துரை பிள்ளையைக் கூப்பிட்டார். பரீட்சைக்குப் படித்த தமிழில், இது பரிகாசமா என்று கேட்டார். இல்லை, காரணம்தான் என்றார் பிள்ளை. துரை அந்தத் தாளை இன்னொரு தடவை படித்தார். பிறகு வருஷ அறிக்கையை எடுத்து, மாட்டுத் திருட்டு ஒழிந்தது என்ற வாக்கியத்தை ஒரே கோடாக அடித்தார். வந்த புகாரை எல்லாம் எழுதவேண்டும், கூடினால் இனி மெமோ கிடையாது என்று எல்லா ஸ்டேஷனுக்கும் உத்தரவு போனது.

அந்த வருஷம் சரகத்தில் மாட்டுத் திருட்டு நாலு மடங்காயிற்று. முந்தின வருஷம் போன மாடுகள்தான் இந்த வருஷமும் போயின. இப்போது போவது தெரிந்தது, அவ்வளவே. ஆனால் மேலே இருந்தவர்களுக்குத் தாள்தானே தெரியும். ஏன் கூடிற்று, காரணம் எழுதவும் என்று சென்னையிலிருந்து துரைக்கே மெமோ வந்தது. துரைக்கு வேறு ஜில்லாவுக்கு மாற்றலானது. பிள்ளைக்கு வரவேண்டிய தலைமைக் குமாஸ்தா வேலை எதிர்த்த மேஜைக்காரருக்குப் போனது. புது அதிகாரி வந்ததும், எதிர்த்த மேஜைக்காரர் சிவப்பு மையைத் தேடி எடுத்தார். மாடுகள் மறுபடி வழி தவறத் தொடங்கின.

பென்ஷன் வாங்கி வீட்டோடு இருந்த காலத்தில், வருகிறவர்களிடமெல்லாம் பிள்ளை இந்தக் கதையைச் சொல்லுவார். ஐந்து விரலையும் ரசீதையும் சொல்லும்போது அவரே விழுந்து விழுந்து சிரிப்பார். கடைசியில் மட்டும் கொஞ்சம் நிமிர்ந்து உட்கார்ந்துகொண்டு, அந்த ஒரு வருஷத்துக் கணக்குதான் என் சர்வீஸிலேயே உண்மையான கணக்கு என்பார்.

உள்ளேயிருந்து பிரம்மநாயகியின் குரல் வரும். "அதுலயும் ஒண்ணு குறையுது."

பிள்ளை மாடன் முன்னால் இரண்டு தடவை சத்தியம் பண்ணினவர் ஆயிற்றே. பின்புறம் கொட்டிலில், எந்தக் கணக்கிலும் ஏறாத செவலை கிழடு தட்டி, அசைபோட்டுக்கொண்டு நிற்கும்.